ஆச்சியின் காது: மனோரமாவின் நடிப்பு வாழ்க்கை, ஒரு நிகழ்வு ஆய்வு

1968-ல் வெளிவந்த இரண்டு படங்களை ஒரே நாளில் அடுத்தடுத்துப் பார்த்தேன். ஒன்று 'தில்லானா மோகனாம்பாள்', இன்னொன்று 'பொம்மலாட்டம்'. முதல் படத்தில் மனோரமா நாடகக் கம்பெனிக்காரி ஜில் ஜில் ரமாமணி. வார்த்தையை இழுத்து, பாதி பயபக்தியும் பாதி கொஞ்சலுமாகப் பேசுகிறார். இரண்டாவது படத்தில் 'வா வாத்தியாரே வூட்டாண்ட' என்று சென்னைத் தமிழில் சோவை வம்புக்கு இழுத்துப் பாடுகிறார். பாடும் குரலும் அவருடையதே. ஒரே வருஷம், ஒரே தொண்டை, வயது முப்பத்தொன்று. ஆனாலும் திரையை அணைத்துவிட்டு ஒலியை மட்டும் கேட்டால் இரண்டும் ஒரே ஆள் என்று சொல்ல முடியாது.

அந்தச் சோதனையிலிருந்துதான் இந்த ஆய்வு தொடங்கியது. மனோரமா ஏன் அவ்வளவு காலம் நிலைத்தார் என்று கேட்டால் வழக்கமாக மூன்று பதில்கள் வரும்: கடும் உழைப்பு, நல்ல டைமிங், எல்லாரிடமும் பணிவு. மூன்றும் உண்மைதான். ஆனால் இவை மூன்றும் இருந்தும் பத்து வருஷத்தில் காணாமல் போனவர்கள் கோடம்பாக்கத்தில் நிறைய. எனக்குக் கிடைத்த பதில் வேறு. மனோரமாவின் பெரிய சொத்து அவருடைய காது. மனிதர்கள் எப்படிப் பேசுகிறார்கள் என்பதை அவர் அளவுக்குக் கேட்டு வைத்திருந்த நடிகை தமிழில் இன்னொருவர் இல்லை. அவருடைய சில படங்களை அப்படி ஒலியை மட்டும் வைத்தும், அப்புறம் படத்தோடும் கேட்டுப் பார்த்து இதை எழுதுகிறேன்.

மன்னார்குடியிலிருந்து பள்ளத்தூருக்கு

பிறந்தது 1937 மே 26, மன்னார்குடியில். பெற்றோர் வைத்த பெயர் கோபிசாந்தா. அப்பா குடும்பத்தைக் கைவிட, அம்மா ராமாமிர்தம் குழந்தையைத் தூக்கிக்கொண்டு காரைக்குடி பக்கத்துப் பள்ளத்தூருக்கு வந்தார். வீட்டு வேலை செய்து மகளை வளர்த்தார். படிப்பு பாதியில் நின்றது. பன்னிரண்டு வயதுவாக்கில் நாடக மேடை. மனோரமா என்ற பெயரே மேடை கொடுத்ததுதான்.

இதைச் சோகக் கதையாக மட்டும் சொல்லிவிட்டுப் போவது எனக்குச் சம்மதமில்லை. அந்தச் சின்ன வயதில் அவருக்கு எத்தனை தமிழ் காதில் விழுந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். தஞ்சாவூர்ப் பக்கத்துப் பேச்சு வீட்டில். செட்டிநாட்டுப் பேச்சு தெருவில். அம்மா வேலை பார்க்கும் வீடுகளில் ஆச்சிமார் பேசுவது ஒரு விதம், வேலைக்காரர்கள் தங்களுக்குள் பேசுவது இன்னொரு விதம். அப்புறம் நாடகம். ஊர் ஊராகப் போகும் நாடகக்காரருக்கு ஒவ்வொரு ஊரிலும் கூட்டம் எந்த வார்த்தைக்குச் சிரிக்கிறது என்பது தெரிந்தாக வேண்டும், இல்லாவிட்டால் பிழைப்பு ஓடாது. பிற்காலத்தில் தமிழ்நாடே அவரை ஆச்சி என்று கூப்பிட்டது. அதுவும் செட்டிநாட்டுச் சொல்தான். எந்த வீடுகளில் அவருடைய அம்மா வேலை பார்த்தாரோ, அந்த வீட்டுப் பெண்களை மரியாதையாக அழைக்கும் சொல். இதை எழுதும்போதே எனக்கு மனசு நிறைகிறது.

எஸ்.எஸ். ராஜேந்திரனின் நாடக மன்றம் அவரைப் பெரிய மேடைக்குக் கொண்டுவந்தது. திராவிட இயக்க நாடகங்களின் காலம் அது. அண்ணாவோடும் கருணாநிதியோடும் மேடையில் நடித்தார். பின்னால் எம்.ஜி.ஆர், ஜெயலலிதா, என்.டி.ஆர் ஆகியோரோடு திரையில். ஐந்து முதலமைச்சர்களோடு நடித்தவர் என்று பத்திரிகைகள் இதைத் திரும்பத் திரும்ப எழுதின. எனக்கு அந்த எண்ணிக்கையைவிட, அந்த நாடகங்களின் வசனம்தான் முக்கியமாகப் படுகிறது. அடுக்குமொழி, எதுகை மோனை, மூச்சு விடாத நீள வாக்கியங்கள். அதில் நாக்கு பழகியவருக்குப் பேச்சுத் தமிழின் எந்த வேகமும் கஷ்டமாக இருக்காது.

கண்ணதாசன் போட்ட கணக்கு

சினிமாவில் முதல் படம் 'மாலையிட்ட மங்கை', 1958. கண்ணதாசன் தயாரிப்பு, டி.ஆர். மகாலிங்கம் கதாநாயகன். மனோரமாவுக்குக் கிடைத்தது நகைச்சுவை வேஷம். கதாநாயகி ஆகும் ஆசையோடு வந்த பெண்ணுக்கு அது ஏமாற்றம். கண்ணதாசன் அவரிடம், கதாநாயகியாக இருந்தால் சில வருஷம்தான் தாங்கும், நகைச்சுவைக்குப் போனால் கடைசிவரை நடிக்கலாம் என்று சொன்னதாக மனோரமாவே நினைவுகூர்ந்திருக்கிறார்.

இந்த ஆய்வில் முதல் திருப்பம் இதுதான். அறுபதுகளின் தொடக்கத்தில் 'கொஞ்சும் குமரி' படத்தில் அவர் கதாநாயகியாகவும் நடித்துப் பார்த்தார். ஆனால் வாழ்க்கை கண்ணதாசன் காட்டிய வழியிலேயே போனது. சம்பளக் கணக்கில் பார்த்தாலும் இது புரியும். கதாநாயகிக்குப் படத்துக்கு இவ்வளவு என்று பேசுவார்கள், பல மாதம் அந்தப் படத்தோடு கட்டுண்டு கிடப்பார். குணச்சித்திர, நகைச்சுவை நடிகருக்குச் சில நாள் கால்ஷீட் போதும். காலையில் ஒரு ஸ்டூடியோ, மதியம் இன்னொன்று என்று ஓடலாம். ஒரு படம் படுத்தால் அந்தப் பழி அவர் தலையில் விழாது. 1985 வாக்கில் ஆயிரம் படங்களைக் கடந்தார் என்று கின்னஸில் பெயர் ஏறியதற்குப் பின்னால் இந்த ஓட்டம்தான் இருக்கிறது. மொத்தம் ஆயிரத்து ஐந்நூறு என்பார்கள்.

ஓட்டத்துக்கு வீட்டுக் காரணமும் உண்டு. நாடகத்தில் கூட நடித்தவரைக் காதலித்து மணந்தார். மகன் பிறந்த கொஞ்ச நாளில் அந்த உறவு முறிந்தது. அம்மா, மகன், தான் என்று மூன்று பேருக்கும் சோறு போட வேண்டிய பெண், வந்த வேஷத்தை வேண்டாம் என்று சொல்லும் நிலையில் இல்லை. அதனால் அவர் நடித்ததில் சாதாரணமான படங்களும் ஏராளம். அதை மறைக்க வேண்டியதில்லை.

ஒரே நாளில் இரண்டு மூன்று படங்கள் என்றால் வசனம் மனப்பாடம் செய்ய நேரம் ஏது? படப்பிடிப்பில் உதவி இயக்குநர் வசனத்தைப் படித்துக் காட்டுவார். நடிகர் அதைக் காதில் வாங்கி, தன் பேச்சாக்கி, கேமரா ஓடும்போது திருப்பித் தர வேண்டும். எழுதியவர் பொதுத்தமிழில் எழுதியிருப்பார். அதை மீனவப் பெண்ணாகவோ கூலிக்காரியாகவோ மாற்றுவது நடிகையின் பொறுப்பு. காது உள்ளவர் பிழைக்கும் இடம் அது.

ஜோடி கட்டுப்பாட்டை உடைத்தது

அவருக்கு முன்னால் இருந்த நகைச்சுவை நடிகைகள் பெரும்பாலும் ஓர் ஆணின் ஜோடியாகவே அறியப்பட்டார்கள். என்.எஸ். கிருஷ்ணன் என்றால் டி.ஏ. மதுரம், தங்கவேலு என்றால் எம். சரோஜா. இரண்டு ஜோடியும் நிஜ வாழ்க்கையிலும் தம்பதிகள். மதுரத்தின் திறமை பெரிது, ஆனால் அது என்.எஸ்.கே. படங்களோடு பின்னிக் கிடந்தது.

மனோரமாவுக்கும் நாகேஷோடு ஜோடி அமைந்தது. 'அன்பே வா' (1966), பாலசந்தரின் 'அனுபவி ராஜா அனுபவி' (1967) எல்லாம் அந்த வரிசை. 'முத்துக் குளிக்க வாரீகளா' பாட்டில் இருவரும் தூத்துக்குடிப் பேச்சையே ஆட்டமாக ஆக்கியிருப்பார்கள். ஆனால் அவர் நாகேஷோடு நிற்கவில்லை. சோ, தேங்காய் சீனிவாசன், வி.கே. ராமசாமி, சுருளிராஜன் என்று எல்லாரோடும் பொருந்தினார். எதிரில் நிற்பவர் வேகமாகப் பேசினால் இவர் நிதானிப்பார். அவர் முகத்தைக் கோணினால் இவர் முகத்தை அசைக்காமல் வைப்பார். கூட நடிப்பவரைக் கேட்டு நடிக்கிறவரால்தான் இது முடியும்.

'காசேதான் கடவுளடா' (1972) இதற்கு நல்ல சாட்சி. அதில் அவர் பணப்பெட்டிச் சாவியைக் கையில் வைத்துக்கொண்டு வீட்டையே ஆட்டிப்படைக்கும் சித்தி. பணத்தைத் திருட, போலிச் சாமியாராக வருவது தேங்காய் சீனிவாசன். சிரிப்பெல்லாம் அவருக்கு. மனோரமா அந்தச் சாமியாரை நிஜமாகவே நம்புகிறார், பக்தியில் குரல் தழைகிறது. அந்த நம்பிக்கையில் ஒரு இம்மி குறைந்திருந்தாலும் தேங்காயின் காட்சிகள் விழுந்திருக்கும். சிரிப்பை எதிராளிக்குக் கொடுத்துவிட்டு நிற்பதும் பெரிய நடிப்புதான்.

ஜில் ஜில் ரமாமணி

இந்த வேஷத்தில் கொஞ்சம் நிற்கிறேன், ஏனென்றால் முழு வாழ்க்கையின் சாரமும் இதில் இருக்கிறது. கொத்தமங்கலம் சுப்பு ஆனந்த விகடனில் எழுதிய தொடர்கதை, ஏ.பி. நாகராஜன் படமாக்கினார். சிவாஜி நாதஸ்வர வித்வான், பத்மினி நாட்டியக்காரி. நடுவில் வருகிறாள் ரமாமணி.

எழுத்திலே பார்த்தால் அவள் ஆபத்தான பாத்திரம். கதாநாயகியின் சந்தேகத்துக்கு ஆளாகும் மூன்றாவது பெண். பளபளப்பு உடை, நாடகக்காரி என்ற பெயர். கொஞ்சம் தவறினால் ஆபாசமாகும், இல்லாவிட்டால் வில்லத்தனமாகும். மனோரமா அவளைப் பேச்சால் காப்பாற்றினார். அந்த நாயனத்தில் மட்டும்தான் இப்படிச் சத்தம் வருமா, எல்லா நாயனத்திலும் வருமா என்று வித்வானிடம் கேட்கிறாளே, அந்தக் கேள்வியைக் கேட்டுப் பாருங்கள். கேட்பவர்கள் சிரிக்கிறார்கள், ஆனால் அவள் சிரிக்க வைப்பதற்காகக் கேட்கவில்லை. அவளுக்கு நிஜமாகவே தெரிய வேண்டும். கலையை அண்ணாந்து பார்க்கும் இன்னொரு கலைக்காரியின் கேள்வி அது. மேடையில் குறைந்த மரியாதையே கிடைத்த ஒருத்தி, நிறைந்த மரியாதை கிடைக்கும் ஒருவரைப் பார்த்துக் கேட்கிறாள்.

அந்தக் குரல் மனோரமாவுக்கு எங்கிருந்து கிடைத்திருக்கும் என்று யோசித்தால், அவர் வாழ்ந்த நாடகக் கொட்டகைகளிலிருந்துதான் கிடைத்திருக்க வேண்டும் என்று நான் நினைக்கிறேன். ஒப்பனை அறையில் கூட உட்கார்ந்திருந்த பெண்களின் பேச்சு அது. அவர்களைக் கேலி செய்யாமல் அவர்களாகவே பேசியிருக்கிறார்.

விருது பற்றி ஒன்று சொல்ல வேண்டும். சிறந்த துணை நடிகைக்கான தேசிய விருது என்ற பிரிவே 1984-ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் தொடங்கியது. 1968-ல் ரமாமணிக்குக் கொடுக்க டெல்லியில் ஒரு பிரிவுகூட இல்லை. குணச்சித்திர நடிகர்கள் நாட்டின் கண்ணில் தனி வகையாகப் பட அவ்வளவு நாளாயிற்று. மனோரமாவுக்கு அந்த விருது பார்த்திபனின் 'புதிய பாதை' (1989) படத்துக்காக வந்தபோது அவருக்கு வயது ஐம்பதைத் தாண்டியிருந்தது.

கம்முனு கெட

1986-ல் விசுவின் 'சம்சாரம் அது மின்சாரம்'. வீட்டு வேலைக்காரி கண்ணம்மா. சம்பந்தி ஆல்பர்ட்டாக வரும் கிஷ்முவோடு கண்ணம்மா வாதம் செய்யும் காட்சியைத் தெரியாத தமிழர் குறைவு. நடுவில் பேச வரும் எஜமானர் விசுவைப் பார்த்து, கம்முனு கெட என்று அதட்டுகிறாள்.

ஒலியை மட்டும் கேட்டபோது எனக்குப் புரிந்தது, அந்தக் காட்சி சங்கீதம் மாதிரி கட்டப்பட்டிருக்கிறது. வாதம் மேலே ஏறிக்கொண்டே போகிறது, வார்த்தைகள் நெருங்குகின்றன. ஒவ்வொரு முறை உச்சிக்குப் போகும்போதும் அந்த ஒரு அதட்டல் விழுந்து தாளத்தை நிறுத்துகிறது. அப்புறம் மறுபடி முதலிலிருந்து ஏற்றம். பல்லவிக்குத் திரும்புவது போல அந்த வார்த்தைக்குத் திரும்புகிறார்.

இதே சென்னைத் தமிழ்தான் 'பொம்மலாட்ட'த்திலும், 'அபூர்வ சகோதரர்கள்' (1989) படத்தில் மெக்கானிக் ராஜாவை வளர்க்கும் முனியம்மாவிடமும். 1994-ல் 'மே மாதம்' படத்தில் 'மெட்ராச சுத்திப் பாக்கப் போறேன்' என்று அவர் பாடியபோதும் அதே பேச்சு. ஆனால் நாலும் ஒன்றல்ல. பொம்மலாட்டப் பெண்ணுடைய பேச்சில் இளமைத் திமிர். கண்ணம்மாவிடம் பல வீடு பார்த்தவளின் வழக்கு சாமர்த்தியம். முனியம்மாவிடம் தாய்மை, அதை ஒளிக்க ஒரு முரட்டுத்தனம். வட்டார வழக்கு என்பது வார்த்தைப் பட்டியல் என்று நினைக்கும் நடிகர்கள் 'இன்னா', 'கீது' என்று நாலு சொல்லைப் போட்டு முடித்துவிடுவார்கள். மனோரமா அந்தச் சொற்களைப் பேசும் ஆளையும் சேர்த்துக் கேட்டவர்.

மறுப்பும் குறையும்

இதெல்லாம் எழுதியவர்களின் திறமை, காது என்று எதற்குப் பெரிதாகச் சொல்ல வேண்டும் என்று கேட்கலாம். விசு, பாலசந்தர், நாகராஜன் எல்லாரும் வசனத்தில் கெட்டிக்காரர்கள், மறுக்கவில்லை. அதற்காகத்தான் தோற்றத்தை நம்பி எழுதப்பட்ட ஒரு வேஷத்தையும் எடுத்துப் பார்த்தேன். 'சின்ன கவுண்டர்' (1992) படத்தில் விஜயகாந்தின் அம்மாவாக, துருத்திய பல் வைத்துக்கொண்டு வருவார். பார்த்தவுடன் சிரிப்பு வர வேண்டும் என்பதற்காக வைத்த பல் அது. மனோரமா அந்தப் பல்லைப் பேச்சுக்குள் கொண்டுபோனார். உச்சரிப்பு அந்தப் பல்லைத் தாண்டித்தான் வருகிறது. சில காட்சிகளில் பல் மறந்துபோய் ஒரு கிராமத்துத் தாய் மட்டும் தெரிகிறாள். எழுத்தில் இல்லாத ஒன்றை அவர் சேர்த்த இடம் இது.

குறை என்று நான் நினைப்பது தொண்ணூறுகளைத்தான். 'நடிகன்' (1990) படத்தில் கிழவர் வேஷம் போட்ட சத்யராஜைக் காதலிக்கும் நடுவயதுப் பெண்ணாக நடித்தார். படம் அவளுடைய ஆசையையே கேலிப்பொருளாக்குகிறது. மனோரமாவோ ஒரு புது வெட்கத்தை அவள் குரலில் வைத்து, கேலிக்கு நடுவிலும் அவள்மேல் நமக்கு இரக்கம் வரச் செய்துவிட்டார். அவ்வளவு செய்யத் தெரிந்தவருக்கு அப்புறம் வந்தவை பெரும்பாலும் அழும் அம்மா வேஷங்கள். 'சின்ன தம்பி' (1991) பெரிய வெற்றிதான், ஆனால் அதில் தாய் படும் பாடு மகனுக்குக் கோபம் வருவதற்கான காரணமாக மட்டும் நிற்கிறது. அவளுக்கென்று பேச்சு குறைவு. மனோரமாவைக் கூப்பிட்டு வந்து பேச விடாமல் அழ விடுவது பெரிய வீண்செலவு. இதில் அவர் தவறு எதுவும் இல்லை. ஐம்பது வயதுப் பெண்ணுக்குத் தமிழ் சினிமா வைத்திருந்த நாற்காலி அது ஒன்றுதான்.

எஸ்.என். லட்சுமியை இங்கே நினைக்காமல் இருக்க முடியவில்லை. அவரும் நாடகத்திலிருந்து வந்தவர். 1964-ல் 'சர்வர் சுந்தரம்' படத்தில் நாகேஷுக்கு அம்மாவாக நடித்தபோது அவருக்கு நாற்பதுகூட ஆகவில்லை. அதன் பிறகு கடைசிவரை அம்மா, பாட்டிதான். 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் திருட்டுப் பாட்டியாக வெளுத்து வாங்கினார். கடைசியில் தொலைக்காட்சித் தொடர்களிலும் பாட்டி, 2012-ல் மறையும்வரை. கண்ணதாசனின் கணக்கு லட்சுமிக்குக் கிடைக்கவில்லை. இளமையில் சிரிக்க வைக்கும் வாய்ப்பு கிடைத்தது என்பதே மனோரமாவுக்கு எவ்வளவு பெரிய மூலதனம் என்பது இந்த ஒப்பீட்டில் தெரிகிறது.

சின்னத்திரை

மனோரமாவும் பிற்காலத்தில் தொடர்களில் நடித்தார். அவை அவருக்குப் பெரிதாக எதையும் கூட்டவில்லை, அதனால் அதிகம் சொல்ல வேண்டாம். தொலைக்காட்சியில் அவருடைய உண்மையான இருப்பு வேறு விதமானது. ஆதித்யா, சிரிப்பொலி மாதிரி நகைச்சுவைச் சேனல்களில் பழைய படங்களின் துண்டுகள் நாள் முழுக்க ஓடுகின்றன. படம் வெளியானபோது பிறக்காத பிள்ளைகள் கண்ணம்மாவை அப்படித்தான் தெரிந்துகொண்டார்கள். எனக்கு இதில் சந்தோஷமும் வருத்தமும் சேர்ந்தே இருக்கின்றன. துண்டு போடுகிறவர் சிரிப்பு வரும் இடத்தை மட்டும் வெட்டி எடுக்கிறார். ரமாமணியின் கேள்வி இருக்கும், அதற்கு முன்னும் பின்னும் அவள் மனசு என்ன பாடுபடுகிறது என்பது போய்விடும். முனியம்மாவின் அதட்டல் இருக்கும், அழுகை இருக்காது.

2002-ல் பத்மஸ்ரீ வந்தது. 2006-ல் 'இம்சை அரசன் 23-ஆம் புலிகேசி' படத்தில் ராஜமாதாவாக வந்து, வடிவேலுவுக்கு ஈடுகொடுத்து அரசவைத் தமிழ் பேசினார். நாடக மேடைத் தமிழ் அறுபத்தொன்பது வயதிலும் நாக்கை விட்டுப் போகவில்லை. 2015 அக்டோபர் 10 அன்று சென்னையில் காலமானார், வயது எழுபத்தெட்டு.

நான் செய்த சோதனையை நீங்களும் செய்து பார்க்க விரும்பினால், முழுப் படங்களாகவே பாருங்கள். முதலில் 'தில்லானா மோகனாம்பாள்', அப்புறம் 'சம்சாரம் அது மின்சாரம்', அப்புறம் 'அபூர்வ சகோதரர்கள்'. கடைசியாக 'இந்தியன்' (1996). இழப்பீட்டுப் பணத்துக்காக அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கி, போகிற இடமெல்லாம் லஞ்சம் அழும் குப்பம்மாவாக வருகிறார். காட்சிகள் கொஞ்சம்தான். நகைச்சுவை நடிகை வருகிறார் என்று தியேட்டர் சிரிக்கத் தயாராகும் நேரத்தில், அந்தக் குரல் ஓர் ஏழைக் கிழவியின் ஓய்ந்த குரலாக வரும்.

ஒலியைக் கொஞ்சம் கூட்டி வைத்துக் கேளுங்கள்.